இல்லாத ஆளுக்குப் பதில்

யாராவது வலிய வந்து தேத்தண்ணி வாங்கிக் கொடுத்தால் பர்ஸான் பாதியைத்தான் குடிப்பார். மீதியைக் கிளாஸில் விட்டுவிட்டு, கொடுத்தவனின் முகத்தையே பார்த்துக்கொண்டிருப்பார். இவனுக்கு என்ன வேணும்? பக்கத்து வீட்டுக்காரனுக்கு நீதிமன்றக் கடிதம் வந்ததா என்று தெரிய வேணுமா? மச்சானுக்கு வந்த கடிதத்தைக் கையோடு வாங்கிப் போகப் பார்க்கிறானா? சும்மா ஒருவன் தேத்தண்ணி வாங்கிக் கொடுப்பான் என்று பர்ஸான் நம்ப மாட்டார்.

பைத்தியக்காரன் என்று நினைத்துவிடாதீர்கள். அந்தச் சந்தேகத்துக்குப் பதினேழு வருடச் சேவை இருக்கிறது. அதை மட்டுமாவது நிரந்தரமாக்கியிருக்கலாம்.

கல்முனைக்குத் தெற்கே, கடலை ஒட்டிய ஊர் ஒன்றில், இரண்டு அறையும் ஒரு விறாந்தையும் உள்ள சின்னத் தபாற் கந்தோரில் அவர் பதில் தபால்காரர். நிரந்தரத் தபால்காரர் லீவு எடுத்தால் அவருக்குப் பதிலாகப் பையைத் தூக்கிக்கொண்டு போகிறவர் என்று அர்த்தம். வேலை செய்த நாளுக்குச் சம்பளம். காய்ச்சல் வந்து படுத்தால் சம்பளமில்லை. ஓய்வூதியத்தைப் பற்றி வாயே திறக்கக் கூடாது. மழையில் நனைவதிலும் நாய் துரத்துவதிலும் மட்டும் நிரந்தரக்காரருக்கும் பதில்காரருக்கும் எந்த வித்தியாசமும் இல்லை.

அவர் யாருக்குப் பதில் என்று கேட்டால் அச்சிமுகம்மதுக்கு. வரவு இடாப்பில் இன்றைக்கும் அப்படித்தான் எழுதியிருக்கிறது. அச்சிமுகம்மது ஓய்வு பெற்று ஆறு வருடம். மௌத்தாகி மூன்று வருடம். ஜனாசாவுக்குப் பர்ஸானும் போய் மூன்று பிடி மண் போட்டுவிட்டு வந்தார். அடுத்த நாள் காலை கந்தோருக்குப் போய் இடாப்பைத் திறந்தால், ‘அச்சிமுகம்மதுக்குப் பதில்’ என்று கோடு போட்டு வைத்திருக்கிறது. கையெழுத்து வைத்தார். வேறென்ன செய்ய? மண்ணுக்குள் கிடக்கிற மனுசன் லீவு முடிந்து எப்போது வருவார் என்று மேலிடத்தில் எவனும் கேட்கவில்லை. அந்த இடத்துக்கு வேறு ஆளையும் போடவில்லை.

இந்த வேலையில் ஒரு வழக்கம் உண்டு. ஐந்து மாதம், ஐந்தரை மாதம் தொடர்ந்து வேலை தருவார்கள். ஆறு மாதம் நிறையுமுன், கொஞ்ச நாளைக்கு வர வேண்டாம் என்பார்கள். பத்து நாளாகவும் இருக்கும், பதினைந்து நாளாகவும் இருக்கும். ஊழியர்கள் வாயில் அதற்குப் பெயர் பிரேக். ஆறு மாதம் ஒரே மூச்சில் வேலை செய்தவன் நிரந்தரம் கேட்டு நிமிர்ந்து நிற்பான் அல்லவா? அவன் நிமிராமல் இருக்கத்தான் இந்த ஏற்பாடு என்று பர்ஸான் சொல்வார். மேலிடத்தில் கேட்டால் வேறு காரணம் சொல்வார்கள், சொல்லட்டும்.

எட்டு வருடத்துக்கு முன் அவர் பெயருக்கு மேலிடத்திலிருந்து ஒரு பதிவுத் தபால் வந்தது. நீளமான மண்ணிற உறை, உள்ளே ஒற்றைத் தாள். நியமனமாக்கும் என்று பிஸ்மி சொல்லிக் கையெழுத்து வைத்து வாங்கினார். பிரித்தால், இன்ன திகதியோடு உமது பதில் கடமை நிறுத்தப்படுகிறது, இன்ன திகதியில் மீண்டும் அழைக்கப்படுவீர் என்று இருந்தது. இதற்கெதற்குப் பதிவுத் தபால் என்று அன்றைக்கு விளங்கவில்லை. இரண்டு வருடம் கழித்துப் பதில் ஊழியர்கள் கொஞ்சப் பேரை நிரந்தரமாக்கியபோது விளங்கியது. பட்டியலில் அவர் பெயர் இல்லை. போய்க் கேட்டார். உமது சேவை தொடர்ச்சியானதல்ல, பிரேக் விழுந்திருக்கிறது, அது உமக்கு அறிவிக்கப்பட்டது, இந்தா நீர் வைத்த கையெழுத்து என்று பதிவுத் தபாலின் ஒப்புகை அட்டையைத் தூக்கிக் காட்டினார்கள். 

அன்றோடு முடிந்தது. பாடசாலையில் பிள்ளைகளின் முன்னேற்ற அறிக்கையில்கூட நாலு தரம் வாசிக்காமல் கையெழுத்து வைக்க மாட்டார். இடாப்பை ஒவ்வொரு மாலையும் போனில் படம் எடுத்து வைப்பார், இரவோடிரவாக யாராவது திருத்திவிடுவார்களாம். பதில் ஊழியர்களின் வாட்ஸ்அப் குழுவில் அவர்தான் சட்டத்தரணி மாதிரி. மேலிடத்துப் பதிவுத் தபால் வந்தால் உள்ளே என்ன இருக்கிறது என்று தெரியாமல் கையெழுத்து வைக்காதீர்கள், வைத்தால் உரிமை போச்சு என்று அவர் எழுதிப் போட்டதை மாவட்டம் முழுக்க அனுப்பிக்கொண்டிருந்தார்கள். அதில் அவருக்குக் கொஞ்சம் பெருமையும் உண்டு.

தபாலதிபர் சாரதாதேவி மாற்றலாகி வந்து நாலு வருடம். கல்முனைத் தமிழ்ப் பக்கத்து ஆள். கண்டிப்பானவர். எட்டு மணி என்றால் எட்டு மணிதான். அவர் ஏசினால், என்னை விரட்டப் பார்க்கிறா என்று பர்ஸான் நினைப்பார். நோன்பு காலத்தில் வெயிலுக்கு முன்னர் சுற்றை முடித்துவிட்டு வாருங்கள் என்று சீக்கிரம் அனுப்பினால், என்னத்தையோ மறைக்கத்தான் அனுப்புறா என்று நினைப்பார். அந்தக் கந்தோரில் இன்னொரு பதில் தபால்காரனும் இருந்தான், பவிதரன். முப்பத்திரண்டு வயது, ஒன்பது வருடச் சேவை. அவனும் தமிழ், பர்ஸான் முஸ்லிம். போதாதா? இருவரும் மேசையில் குனிந்து கடிதம் பிரித்துக்கொண்டிருந்தால் பர்ஸானின் காது அங்கேதான் இருக்கும். பவிதரனோ அவரை அண்ணன் முறை வைத்துக் காக்கா காக்கா என்று சுற்றி வருவான். அதுவும் சந்தேகம்தான்.

இந்த வருடம் நோன்புப் பெருநாள் கழிந்து புதுச் சுற்றறிக்கை வந்தது. நீண்ட காலப் பதில் ஊழியர்களை நேர்முகப் பரீட்சை வைத்து நிரந்தரமாக்கப் போகிறார்கள். அவர்கள் பிரிவுக்கு இரண்டு இடம். நாற்பத்தைந்து வயது தாண்டியிருக்கக் கூடாது. பர்ஸானுக்கு மார்கழியில் நாற்பத்தைந்து நிறைகிறது. அதைத் தாண்டினால் ஆயுள் முழுக்கப் பதில்தான்.

சாரதாதேவி எல்லோருடைய விபரத்தையும் மேலே அனுப்பிவிட்டதாகச் சொன்னார். பிரதி ஒன்று தாருங்கள் என்று பர்ஸான் கேட்டார். அது அந்தரங்கக் கடிதம், தர முடியாது என்றார் அவர். பர்ஸான் தலையாட்டிவிட்டு வந்தார். அன்றிரவு சோற்றில் கை வைத்தபடியே மனைவி பஸ்னாவிடம், என்ட பேர வெட்டிப்போட்டா, அதான் காட்ட மாட்டாளாம் என்று புலம்பினார்.

பஸ்னாவுக்கு இந்தக் கதையெல்லாம் கேட்டுக் கேட்டு அலுத்துவிட்டது. அவளுடைய கவலை வேறு. மூத்த மகளைக் கேட்டு ஒரு மாப்பிள்ளைப் பகுதி வந்திருந்தது. பெண்ணைப் பிடித்திருந்தது, குடும்பத்தைப் பிடித்திருந்தது. வாப்பா என்ன தொழில் என்று கேட்டார்கள். தபால் கந்தோர் என்றாள். நிரந்தரமா என்று கேட்டார்கள். பதினேழு வருடமாக ஒரே கந்தோர் என்று சொல்லிச் சமாளித்தாள். வந்தவர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். பிறகு சொல்லியனுப்புகிறோம் என்று எழும்பிப் போனவர்கள் இன்னும் சொல்லியனுப்பவில்லை.

ஆவணி மாதம் பர்ஸானுக்குப் பிரேக் விழுந்தது. பதினைந்து நாள். சும்மா இருந்தால் அடுப்பு எரியுமா? வழக்கம்போல ஒலுவில் துறைமுகத்துக்குப் போய் வள்ளங்களுக்கு ஐஸ் பெட்டி ஏற்றினார். நாலாம் நாள் பின்னேரம் பஸ்னா போன் எடுத்தாள்.

“இஞ்ச, உங்கட பேருக்கு ரெஜிஸ்டர் கடிதம் ஒண்டு வந்திரிக்கி. பவிதரன் தம்பி வாசல்ல நிக்கிது. நான் கையெழுத்து வெக்கட்டா?”

“வெச்சிராத. நான் வாறன். அவன இரிக்கச் சொல்லு.”

நனைந்த சாரத்தோடு மோட்டார் சைக்கிளை முறுக்கிக்கொண்டு வந்தார். பவிதரன் கதிரையில் இருந்து தேத்தண்ணி குடித்துக்கொண்டிருந்தான். கடிதத்தை நீட்டினான். நீளமான மண்ணிற உறை, மேலிடத்து முத்திரை. எட்டு வருடத்துக்கு முன் வந்ததும் இதே உறைதான்.

பர்ஸான் உறையை உள்ளங்கையில் வைத்துப் பார்த்தார். இதில் அவருக்கு ஒரு கெட்டித்தனம் உண்டு என்பதை ஊரே ஒத்துக்கொள்ளும். பதினேழு வருடம் கடிதம் சுமந்த கை அது. பிரிக்காமலே சொல்வார்: இது வங்கிக் கடிதம், இது பரீட்சைப் பெறுபேறு, இது கோர்ட்டுக் கட்டளை. பெரும்பாலும் சரியாகத்தான் இருக்கும். இப்போது விரலால் தடவினார், வெளிச்சத்தில் பிடித்தார், மூலையை லேசாக மடித்துப் பார்த்தார். உள்ளே ஒற்றைத் தாள்.

“காக்கா, நேர்முகப் பரீட்சைக் கடிதமா இருந்தா?” என்றான் பவிதரன்.

“நேர்முகப் பரீட்சையெண்டா படிவம் வெப்பானுகள், பட்டியல் வெப்பானுகள். மூணு தாளுக்குக் குறையாது. இது ஒத்தத் தாள். பிரேக் கடிதம். இதுல கையெழுத்து வெச்சா மறுகா சேவை முறிஞ்சிட்டு எண்டு இதையே தூக்கிக் காட்டுவானுகள். ஒருக்கா பட்டுட்டன்டா.”

பிரித்துத்தான் பார்ப்போமே என்றாள் பஸ்னா. கையெழுத்து வைக்காமல் பிரிக்க ஏலாது, பிரிக்காமல் பார்க்க ஏலாது, உனக்கு இதெல்லாம் விளங்காது, உள்ளே போ என்று அவளை ஏசினார். அவள் போகவில்லை. கதவைப் பிடித்துக்கொண்டு நின்றாள். பவிதரன் இரண்டு தரம் கெஞ்சினான். அவன் கெஞ்சக் கெஞ்சப் பர்ஸானுக்குச் சந்தேகம் ஏறியது. இவனுக்கு ஏன் இவ்வளவு அக்கறை? என் சேவை முறிந்தால் இவனுக்குத்தானே வழி.

மறுத்த கடிதத்தில் தபால்காரர்தான் குறிப்பு எழுத வேண்டும். பவிதரனின் பேனை உறைமேல் ஓடாமல் நின்றது. அதையும் நம்பவில்லை பர்ஸான். வேறெதையாவது எழுதிவிடுவானோ என்று பேனையைப் பிடுங்கி, உறையின் முதுகில் கொட்டை எழுத்தில் ‘பெற மறுத்தார்’ என்று தானே எழுதி, திகதி போட்டு, கீழே தன் பெயரையும் போட்டார். கையெழுத்து வைக்க மாட்டேன் என்ற மனுசன், வைக்க மாட்டேன் என்பதற்குக் கையெழுத்து வைத்தார்.

அடுத்த நாள் சாரதாதேவி போனில் அழைத்தார். “பர்ஸான், இதை நான் மூண்டு நாளைக்குத் திருப்பி அனுப்பாம வச்சிருக்கிறன். உள்ள என்ன கிடக்கெண்டு எனக்கும் தெரியா. ஒருக்கா யோசிச்சிட்டு வந்து எடுங்க.” சரி மிஸ் என்று சொல்லிவிட்டு ஐஸ் பெட்டியின்மேல் உட்கார்ந்து பர்ஸான் யோசித்தார். யோசித்தது இதைத்தான்: மறுத்த கடிதத்தை அடுத்த பையிலேயே திருப்பிவிட வேண்டும் என்பது விதி. இந்தக் கண்டிப்புக்காரி விதியை மீறி மூன்று நாள் வைத்திருக்கிறாள் என்றால் என் கையெழுத்து அவளுக்கு எவ்வளவு தேவை. அவர் போகவில்லை. நாலாம் நாள் கடிதம் மேலிடத்துக்குத் திரும்பிப் போனது.

அடுத்த கிழமை ஒரு மாலை, துறைமுகத்திலிருந்து வந்து குளித்துவிட்டுப் போனைத் திறந்தார். பவிதரன் ஒரு படம் அனுப்பியிருந்தான். அவனுக்கு வந்த கடிதம். மேலிடத்தில் கடிதம் அனுப்புகிற முறைக்கு ஒரு ஒழுங்கும் கிடையாது, ஒரே கந்தோரில் இரண்டு பேருக்கு ஒரு கிழமை வித்தியாசத்தில் அனுப்பியிருக்கிறார்கள். பையில் தன் பெயருக்கு வந்த உறையைக் கண்டு பவிதரனும் பயந்துபோய் வீட்டுக்குக் கொண்டு போயிருக்கிறான். அவன் மனைவி கேசினி, உனக்கென்ன விசரா என்று பறித்து, அவன் கையில் பேனையைத் திணித்துக் கையெழுத்து வைக்கச் சொல்லிப் பிரித்துவிட்டாள்.

பர்ஸான் படத்தைப் பெரிதாக்கி வாசித்தார். நிரந்தர நியமனத்துக்கான நேர்முகப் பரீட்சை. நாளைக்குக் காலை ஒன்பது மணி. ஒற்றைத் தாள்தான். கடதாசி மிச்சம் பிடிக்க இரண்டு பக்கமும் அச்சடித்திருந்தார்கள். படிவத்தைப் பரீட்சை நடக்கும் இடத்தில் பெற்றுக்கொள்ளவும் என்று கடைசி வரி சொன்னது.

துவாயைத் தோளில் போட்டபடி அப்படியே தரையில் இருந்துவிட்டார். பஸ்னா வந்து என்ன என்று கேட்டாள். போனை நீட்டினார். அவள் வாசித்தாள். ஒரு வார்த்தை ஏசியிருந்தால்கூட அவருக்கு ஆறுதலாக இருந்திருக்கும். ஏசவில்லை. அலுமாரியைத் திறந்து அவருடைய பைலை எடுத்து வைத்தாள். வெள்ளைச் சட்டையைத் தேய்த்தாள்.

காலை முதல் பஸ்ஸில் போனார். மேல் கந்தோரின் விறாந்தையில் நாற்பது பேர் வரிசையில் இருந்தார்கள். வாசலில் பெயர் பார்க்கிற பிள்ளை பட்டியலில் விரலை ஓட்டி, உங்கட பெயர் இருக்கு ஐயா, ஆனா வெட்டியிருக்கு என்றாள். என்னத்துக்கு வெட்டினது என்று கேட்டார். அவளுக்குத் தெரியாது. கடைசி ஆள் போன பிறகு உள்ளே அதிகாரியைப் பாருங்கள் என்றாள். பவிதரன் தன் முறை முடிந்து வெளியே வந்து, நானும் நிற்கிறேன் காக்கா என்றான். போடா என்றார் பர்ஸான். அவன் போகாமல் வெளியே மரத்தடியில் நின்றான்.

ஒன்றரை மணிக்குத்தான் உள்ளே விட்டார்கள். அதிகாரி கெட்ட மனுசன் அல்ல, களைத்துப்போன மனுசன். பைலைப் புரட்டி, அந்த மண்ணிற உறையை எடுத்து மேசையில் கவிழ்த்து வைத்தார். கொட்டை எழுத்து சிரித்தது.

“இது ஆர் எழுதினது?”

“நான்தான் சேர்.”

“பிறகென்ன. வேண்டாமெண்டு நீங்களே எழுதித் தந்திருக்கிறீங்க.”

பர்ஸான் எல்லாவற்றையும் சொன்னார். எட்டு வருடத்துக்கு முந்திய கடிதம், அட்டை, பட்டியல். அதிகாரி பொறுமையாகக் கேட்டார். கேட்டுவிட்டு, பயந்தது விளங்குகிறது, ஆனால் பயத்துக்கு நியமனம் கொடுக்க எனக்கு அதிகாரமில்லை என்றார்.  இது என் உரிமை சேர் என்றார் பர்ஸான்.

“உரிமையெண்டு கதைக்காதீங்க. பதில் ஊழியர் இன்னொருத்தர்ட இடத்தில நிக்கிறவர். இன்னொருத்தர்ட இடத்தில எவ்வளவு காலம் நிண்டாலும் அது நம்மட இடமாகாது.”

“ஆருட இடத்துல சேர் நான் நிக்கிறன்?” என்றார் பர்ஸான். “அச்சிமுகம்மது ரிட்டயர் ஆகி ஆறு வருசம். மௌத்தாகி மூணு வருசம். நான்தான் மண் போட்டுட்டு வந்தன். அவருக்குப் பதிலெண்டு இண்டைக்கும் என்ட பேரப் போடுறீங்க. இல்லாத ஆளுக்குப் பதிலா ஆறு வருசம் கடிதம் குடுத்தவன் நான். அப்ப அந்த இடம் ஆருட? கபுறுல கிடக்கிறவர்டயா?”

 அதிகாரி பைலில் இன்னொரு தாளைத் தேடி எடுத்து, தன்பாட்டில் வாசித்தார். பிறகு என்ன நினைத்தாரோ, அதைப் பர்ஸான் பக்கம் திருப்பினார். சாரதாதேவி அனுப்பிய அந்தரங்கக் கடிதம். மேற்படி பர்ஸான் ஆறு வருடமாக வெற்றிடம் ஒன்றில் கடமையாற்றுகிறார், அவருக்கு விடப்பட்ட இடைவெளிகள் அவர் கேட்டு எடுத்தவையல்ல, நிரந்தர நியமனத்தில் அவருக்கே முதலிடம் கொடுக்கும்படி சிபாரிசு செய்கிறேன் என்று இருந்தது. பவிதரனின் பெயர் இரண்டாவதாக இருந்தது.

பர்ஸான் அதை நாலு தரம் வாசித்தார், வழக்கம்போல. இந்த முறை ஒளிந்திருந்தது ஒன்றுமில்லை. வெட்கத்தில் காது சுட்டது. பதினேழு வருடத்தில் அவர் சந்தேகப்பட்டது பெரும்பாலும் சரியாகத்தான் இருந்தது, இந்த ஒரு தடவை பிழையாகிப் போனது. அந்த ஒரு தடவை போதுமாயிருந்தது.

மேன்முறையீடு ஒன்று எழுதித் தாருங்கள் என்றார் அதிகாரி. உங்கள் பிரிவுக்கு இரண்டு இடம்தான், தெரிவு இன்றோடு முடிகிறது. ஆனால் தெரிவான யாராவது நியமனக் கடிதத்தைப் பெறாமல் விட்டாலோ, குறித்த நாளுக்குள் வந்து வேலையைப் பாரமெடுக்காமல் விட்டாலோ, அந்த இடத்துக்கு உங்கள் பெயரைப் பார்க்கலாம், மார்கழிக்கு முன்னர் என்றால் மட்டும். பர்ஸான் அங்கேயே குந்தியிருந்து எழுதிக் கொடுத்தார். பெற்றுக்கொண்டதற்கு ஒரு கையெழுத்துத் தாருங்கள் என்று அதிகாரியிடம் கேட்டு வாங்கிக்கொண்டார்.

பிரேக் முடிந்து கந்தோருக்குப் போன நாள், சாரதாதேவியின் மேசைக்கு முன்னால் போய் நின்றார். மன்னிப்புக் கேட்கத்தான் போனார். சாரதாதேவி நிமிர்ந்து, பை வந்திட்டுது என்றார். பர்ஸான் பையை அவிழ்க்கப் போனார்.

கார்த்திகை மழை தொடங்கியது. அந்த மாதம் பவிதரனுக்குப் பிரேக் விழுந்தது. ஒரு காலை பதிவுத் தபால்களைக் கையெழுத்து வாங்கும் கொப்பியில் எழுதிப் பர்ஸானிடம் கொடுத்தார் சாரதாதேவி. அதில் ஒன்று நீளமான மண்ணிற உறை. பவிதரனின் பெயர். ‘நியமனம்’ என்று மூலையில் முத்திரை குத்தியிருந்தது, இந்த முறை ஒளிவு மறைவில்லை.

அவர் அதைப் பையில் போட்டுக்கொண்டு மழைச்சட்டையை மாட்டினார். வழியெல்லாம் ஒரே யோசனை. இதை ஏன் என்னிடம் தந்தா? அந்த வட்டாரம் என்னுடையதுதான், வேறு யாரிடம் தருவது? இல்லை, என்னைச் சோதிக்கிறாவா? நான் என்ன செய்வேன் என்று பார்க்கிறாவா? ஒரு பாலத்தடியில் மழைக்கு ஒதுங்கி நின்றபோது, அன்றைக்கு முதல்முறையாக அவருக்குத் தன்மேலேயே சந்தேகம் வந்தது.

பவிதரன் வீட்டில் தனியாக இருந்தான். கேசினி குழந்தையைத் தூக்கிக்கொண்டு கிளினிக்குக்குப் போயிருந்தாள். உறையைக் கண்டதும் அவன் முகம் மலர்ந்து, உடனே வாடியது. கைகளைச் சாரத்தில் துடைத்தான், ஆனால் நீட்டவில்லை.

“காக்கா, குரூப்பில ஒண்டு போட்டிருக்கிறாங்கள், பாத்தீங்களா? நியமனக் கடிதத்தக் கையெழுத்து வச்சு எடுத்தா பழைய சேவைய விட்டுக் குடுத்த மாதிரியாம். என்ட ஒன்பது வருசம் போயிருமாம். எல்லாரும் ஒண்டா மறுத்தாத்தான் மேல விளங்குமாம். நீங்க அண்டைக்குச் சொன்னதும் இதானே. நான் என்ன செய்ய? நீங்க சொன்னா நான் கேப்பன்.”

மழை தகரத்தில் அடித்துக்கொண்டிருந்தது.  பர்ஸான் எதையும் செய்யத் தேவையில்லை. பொய் சொல்லத் தேவையில்லை. ஓம் என்றுகூடச் சொல்லத் தேவையில்லை. தோளைக் குலுக்கிவிட்டு, உன் இஷ்டம் என்றால் போதும். இந்தப் பயந்தாங்கொள்ளி மறுத்துவிடுவான். பேனை அவரிடம்தான் இருக்கிறது. இரண்டு சொல்லை எப்படி எழுதுவது என்பது அந்தக் கைக்கு நன்றாகத் தெரியும். மார்கழிக்கு இன்னும் பதினெட்டு நாள் கிடந்தது. வீட்டுக்கு வந்துபோன மாப்பிள்ளை வீட்டுக்காரரின் முகங்கள் ஒவ்வொன்றாக வந்து நின்றன. நிரந்தரமா என்று கேட்டன.

பவிதரன் அவருடைய வாயையே பார்த்துக்கொண்டிருந்தான். அவன் கண்ணில் ஒரு துளி சந்தேகமும் இல்லை. அதுதான் பர்ஸானால் தாங்க முடியாமல் போனது. ஒருவன் தன்னை இப்படி முழுசாக நம்பி அவர் பார்த்ததே இல்லை. அவன் ஏன் நம்புகிறான் என்று யோசித்தும் பார்த்தார். காரணம் எதுவும் அகப்படவில்லை.

“குரூப்புல கிடக்கிறதுக்கெல்லாம் மூலம் நான் அண்டைக்கு எழுதினதுதான்” என்றார். “நான் எழுதினது பிழை. கையெழுத்து வை.”

“அப்ப உங்கட அப்பீல், காக்கா?”

“அது என்ட பாடு. நீ வைடா.”

பவிதரன் கொப்பியை வாங்கினான்.  எங்கே வைப்பது என்று ஒன்பது வருடம் மற்றவர்களுக்குக் காட்டியவனுக்கு இன்றைக்குக் கோடு தெரியவில்லை. பர்ஸான் விரலை வைத்துக் காட்டினார். அவன் எழுதி முடித்ததும் கொப்பியை மூடி, ஈரம் படாமல் மழைச்சட்டைக்குள் செருகினார்.

“பிரிக்காத” என்றார். “நான் போனதுக்குப் பொறகு பிரி.”

மோட்டார் சைக்கிள் இரண்டு தரம் மிதித்தும் கிளம்பவில்லை. மூன்றாம் தரம் கிளம்பியது. பையில் இன்னும் பதினொரு கடிதம் இருந்தது. எல்லாம் அச்சிமுகம்மதின் வட்டாரம்.